ஓரத்தில் நிற்கும் பிள்ளையின் கதை: சிறார் தொடரிலிருந்து கிளை நாவல் எழுதும் முறை

வியாசரின் பாரதத்தில் தேடினால் அல்லி கிடைக்க மாட்டாள். மதுரையை ஆண்ட அரசியாக, அர்ச்சுனனைப் படாத பாடு படுத்தியவளாக அவளைப் பிறப்பித்தது நம் ஊர்க் கதைப்பாட்டு. அல்லி அரசாணி மாலையில் அர்ச்சுனனும் வருகிறான், கண்ணனும் வருகிறான். கேட்பவர் மனம் மட்டும் அல்லியின் பின்னால்தான் போகிறது. பிரபலமான ஒரு தொடரிலிருந்து கிளை பிரித்துச் சிறார் நாவல் எழுத உட்காருகிறவர்களுக்கு இதைவிட நல்ல முன்மாதிரி கிடையாது. உலகத்தைக் கடன் வாங்கலாம். நாயகனைக் கடன் வாங்கக் கூடாது.

விளக்குவதற்கு வசதியாக ஒரு தொடரைக் கற்பனை செய்துகொள்வோம். மூன்று பாகம் வந்துவிட்டது. மதுரைக் கீழமாசி வீதியில் இருக்கும் 12 வயதுக் கயல்விழிக்குக் கல்லை எழுப்பத் தெரியும். முதல் பாகத்தில் யானைமலை எழுகிறது, மூன்றாம் பாகத்தில் நாகமலை. எழுந்த கல் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம், விழித்திருக்கும். எழுப்பியவருக்கு ஒரு நாள் முழுக்க நிழல் இருக்காது. பிள்ளைகள் விரும்பிப் படிக்கிறார்கள். அந்த உலகத்தில் தனியாக நிற்கும் ஒரு நாவல் வேண்டும். படிப்பவர்களுக்கு 9 முதல் 12 வயது.

முதலில் உரிமை

தொடர் உங்களுடையது என்றாலும் பதிப்பாளரோடு போட்ட ஒப்பந்தத்தைப் படித்துப் பாருங்கள். பாத்திரங்களையும் உலகத்தையும் வேறு நூலில் பயன்படுத்துவதைப் பற்றி ஒரு வரி அதில் இருக்கலாம். தொடர் இன்னொருவருடையது என்றால் எழுத்துவழி அனுமதி இல்லாமல் அச்சுக்குப் போக முடியாது. 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டப்படி, எழுதியவர் வாழும் காலம் முழுவதும், அவர் மறைந்தபின் 60 ஆண்டுகளும் உரிமை நீடிக்கிறது. அந்தக் காலம் முடிந்த எழுத்துகளுக்கும், தமிழக அரசு நாட்டுடைமை ஆக்கிய எழுத்துகளுக்கும் இந்தத் தடை இல்லை.

கணக்கு நோட்டு

192 பக்க நீள நோட்டு ஒன்று வாங்கி நான்காகப் பிரியுங்கள்: ஆள், இடம், விதி, காலம். தொடரை முதல் வரியிலிருந்து மறுபடி படியுங்கள். எழுதியவரே என்றாலும் படித்தாக வேண்டும். பாகத்துக்குப் பாகம் கண்ணின் நிறமும் வீட்டு எண்ணும் மாறிப்போயிருப்பது அப்போதுதான் தெரியும். ஒவ்வொரு குறிப்புக்கும் பக்கத்தில் 2/87 என்று பாகமும் பக்கமும் போடுங்கள். மூன்று பாகத்துக்கு இரண்டு வாரம் ஒதுக்கினால் நிதானமாக முடிக்கலாம்.

இதில் ஒரு வேலையை யாரும் செய்வதில்லை. பலன் அதில்தான் அதிகம். ஒவ்வொரு செய்தியையும் யார் சொன்னது என்று பிரித்து எழுதுங்கள். கதை சொல்பவர் சொன்னால் அது உறுதி, மாற்ற முடியாது. ஒரு பாத்திரம் தன் வாயால் சொன்னால் அது அந்தப் பாத்திரத்துக்குத் தெரிந்த அளவு மட்டுமே. முதல் பாகத்தில் பூசாரித் தாத்தா, "ஒரே நாள்தான் பிள்ளே, நிழல் தானா வந்துரும்" என்கிறார். கயல்விழிக்கு அப்படித்தான் நடந்தது. எல்லாருக்கும் அப்படித்தான் நடக்கும் என்று கதை எங்கேயும் சொல்லவில்லை. நிழல் திரும்பி வராமல் போன ஒருவர் இருந்தால்? அந்த விரிசலில்தான் கிளை முளைக்கும். நோட்டில் இப்படி ஐந்தாறு விரிசலாவது சிக்கும். சிவப்பு மையில் வட்டம் போட்டு வையுங்கள்.

யாருடைய கதை

நாயகியின் உயிர்த்தோழியை எடுப்பதுதான் எல்லாருக்கும் முதலில் தோன்றும். விட்டுவிடுங்கள். அவளைப் பற்றிப் பிள்ளைகளுக்கு ஏற்கெனவே எல்லாம் தெரியும், அவள் எங்கே போனாலும் கயல்விழி எங்கே என்ற கேள்வி கூடவே வரும். வில்லனின் பிள்ளையை எடுப்பது இன்னும் சிக்கல்: பாதி நாவல் அப்பனுக்கு நியாயம் சொல்வதிலேயே கரைந்துபோகும்.

தொடரில் ஒன்று முதல் ஐந்து பக்கம் வரை வந்துபோகும் பிள்ளையைத் தேடுங்கள். பெயர்கூட இல்லாமல் இருந்தால் இன்னும் நல்லது. நம் தொடரின் இரண்டாம் பாகத்தில் மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் ஒரு பையன், துரத்தி வருகிறவர்களிடமிருந்து கயல்விழியை மல்லிகைச் சாக்குகளுக்குப் பின்னால் ஒளித்து வைக்கிறான். ஒன்றரைப் பக்கம், அவ்வளவுதான். எதுவும் கேட்காமல் ஏன் உதவினான்? தொடரில் பதில் இல்லை. அவன் பெயர் சொக்கு என்று வைப்போம். யானைமலை அடிவாரத்தில் நரசிங்கம் ஊரில் அப்பத்தாவோடு இருக்கிறான். அப்பத்தாவுக்கு 40 வருடமாக நிழல் இல்லை. நிழலில்லாத ஆள் என்றால் என்ன என்று அவனுக்குப் பிறந்ததிலிருந்து தெரியும். அதனால்தான் கயல்விழியின் காலடியைப் பார்த்த நொடியில் சாக்கை நகர்த்தினான். ஒன்றரைப் பக்கத்துக்கு இப்போது வேர் பிடித்துவிட்டது.

தேர்ந்த பிள்ளை சரியா என்று பார்க்க இரண்டு கேள்வி போதும். தொடரின் உச்சக்கட்டம் நடந்த அந்த இரவில் அவன் எங்கே இருந்தான்? தொடரே நடக்காமல் போயிருந்தாலும் அவனுக்கு ஒரு தேவை இருந்திருக்குமா? இரண்டாவதற்கு 'இல்லை' என்று வந்தால் வேறு பிள்ளையைத் தேடுங்கள். அவன் நாயகியின் வாலாகத்தான் இருப்பான்.

நாயகியை எவ்வளவு விடுவது

மொத்த நாவலில் இருபதில் ஒரு பங்குக்கு மேல் கயல்விழி வரக் கூடாது. 24 அத்தியாயம் என்றால் ஓர் அத்தியாயத்துக்குச் சற்றே கூடுதலான அளவில் அடங்க வேண்டும். முதல் மூன்று அத்தியாயத்துக்குள்ளும் கடைசி மூன்றுக்குள்ளும் அவளை வரவிடாதீர்கள். ஆரம்பத்தில் வந்தால் கதையைத் தன் பக்கம் இழுத்துக்கொள்வாள்; கடைசியில் வந்தால் சொக்கு பட்ட பாட்டுக்கெல்லாம் அவள் வந்து தீர்வு கொடுத்ததாக ஆகிவிடும். நடுவில் ஒருமுறை, அதுவும் அந்தப் பூ மார்க்கெட் காட்சியைச் சொக்குவின் கண்ணால் திருப்பிச் சொல்லும்போது வரலாம். அங்கே பேச்சு ஓர் எழுத்துகூட மாறக் கூடாது. தொடரைத் திறந்து அப்படியே பெயர்த்து எழுதுங்கள். பேச்சு அதேதான், அர்த்தம் மட்டும் வேறு என்று தெரியும்போது பழைய வாசகப் பிள்ளைகளுக்கு வரும் சந்தோஷம் பெரிது.

மந்திர விதி

கிளை நாவலில் புதிதாக ஒரே ஒரு விதிதான் சேர்க்கலாம். அது பழையதைவிடப் பெரிய சக்தியாக இருக்கக் கூடாது. 'அப்படியென்றால் கயல்விழி ஏன் அதைப் பயன்படுத்தவில்லை?' என்று ஒரு பிள்ளை கேட்டால் தொடர் முழுதும் சாய்ந்துவிடும். புதிய விதி ஒரு நஷ்டமாக, ஒரு தடையாக இருப்பது பாதுகாப்பு. சொக்குவின் கதைக்கு இதைப் பாருங்கள்: எழுந்த கல் மறுபடி தூங்குவதற்கு முன் எழுப்பியவர் அதை விட்டு ஓடிப்போனால், நிழல் அந்தக் கல்லோடு தங்கிவிடும். அப்பத்தா சின்னப் பெண்ணாக இருந்தபோது பயந்து ஓடினாள். தொடரில் கயல்விழி ஒருபோதும் ஓடவில்லை. ஆகவே அவளுக்கு இது தெரிய வழியே இல்லை. எதுவும் முரண்படவில்லை.

எந்தக் கல்லை விட்டு ஓடினாள்? இங்கே ஊரே உதவிக்கு வருகிறது. திருவிளையாடற் புராணத்தில் யானை எய்த படலம், நாகம் எய்த படலம், மாயப்பசுவை வதைத்த படலம் என்று மூன்று இருக்கின்றன. மதுரையை அழிக்க ஏவப்பட்ட யானையும் நாகமும் பசுவும் மலையாகிக் கிடக்கின்றன என்பது ஐதீகம்: யானைமலை, நாகமலை, பசுமலை. தொடர் முதல் இரண்டைத் தொட்டுவிட்டது. பசுமலை தூங்கிக்கொண்டே இருக்கிறது. தொடர் கைவைக்காமல் விட்டுப்போன இடம்தான் கிளை நாவலுக்குச் சொந்த நிலம்.

ஒன்றைக் கவனத்தோடு செய்ய வேண்டும். புராணக் கதையில் அந்த மிருகங்களை ஏவியவர்கள் சமணர்கள். சிறார் நாவலில் அதை அப்படியே எடுத்துவந்து ஒரு சமயத்தாரை வில்லன் ஆக்காதீர்கள். இதே யானைமலையிலும் கீழக்குயில்குடி சமணர்மலையிலும் சமணச் சிற்பங்கள் இன்றும் இருக்கின்றன. சொக்குவைப் போன்ற பிள்ளைகள் அவற்றைப் பார்த்துத்தான் வளர்கிறார்கள். கல்லுக்கு எதிரி வேண்டுமென்றால் கல்லை அறுத்து விற்கிறவர்களே போதும். மதுரைப் பக்கத்துப் பிள்ளைகளுக்குக் குவாரி வெடிச்சத்தம் புதிதல்ல.

இடமும் நேரமும்

வரைபடத்தில் தூரத்தை அளந்து எழுதுங்கள். மீனாட்சி கோயிலிலிருந்து யானைமலை ஏறத்தாழ 10 கிலோமீட்டர், வடகிழக்கே. பசுமலை அதற்கு எதிர்ப்பக்கம், தென்மேற்கே, திருமங்கலம் போகும் வழியில். ஆகவே நரசிங்கத்திலிருந்து பசுமலைக்கு ஊரைக் குறுக்கே கடந்து போக வேண்டும். 15 கிலோமீட்டருக்குக் குறையாது. பத்து வயதுப் பிள்ளை இருட்டில் மணிக்கு 3 கிலோமீட்டர் நடந்தால் பெரிய விஷயம். போகவே ஐந்து மணி நேரம். ஒரே இரவில் போய்த் திரும்ப வைத்தால் கணக்கு இடிக்கும். பூ ஏற்றிய வண்டியில் பாதி வழி கொண்டுபோகலாம், விடியற்காலைப் பேருந்தில் ஏற்றலாம். எதுவானாலும் காட்சிக்குக் காரணம் இருக்க வேண்டும்.

நகருக்குள் துரத்தல் காட்சி என்றால் வீதி வரிசை தப்பக் கூடாது. கோயில் மதிலுக்குள் ஆடி வீதி, வெளியே வந்தால் சித்திரை வீதி, பிறகு ஆவணி மூல வீதி, மாசி வீதி, கடைசியில் வெளி வீதி. ஒவ்வொன்றுக்கும் கீழ, தெற்கு, மேல, வடக்கு என நான்கு பக்கம். மேலமாசி வீதியில் ஓடுகிறவன் அடுத்த வரியில் கீழச் சித்திரை வீதியில் திரும்ப முடியாது. மதுரைப் பிள்ளை முதல் தடவையிலேயே கண்டுபிடித்துவிடும், பிறகு மந்திரத்தையும் நம்பாது.

மலையை எழுதும்போது கையால் தொட்டதுபோல் எழுதுங்கள். பகல் வெயிலை வாங்கிய பாறை இருட்டிய பிறகும் வெகுநேரம் சூடாகவே இருக்கும். விழித்த கல்லின் உடம்புச் சூட்டுக்கு இதைவிடப் பொருத்தமான விவரம் தேட வேண்டியதில்லை. நரசிங்கத்தில் யோகநரசிம்மர் குடைவரை கி.பி. 770-ஐச் சேர்ந்தது. 'பழைய கோயில்' என்று சொல்வதைவிட, 1,250 வருடமாக அந்தக் கல் வாசல் திறந்தே இருக்கிறது என்று சொன்னால் பிள்ளைகள் நிமிர்ந்து உட்காருவார்கள். இப்படி ஓர் அத்தியாயத்துக்கு ஒரு விவரம் போதும். இரண்டு மூன்று சேர்ந்தால் சுற்றுலாக் கையேடு வாசனை அடிக்கும்.

தொடர் நடக்கும் அதே நாட்களில் கிளைக்கதையும் நடப்பதாக வைப்பதுதான் மிகக் கடினம், ஆனால் சுவை கூடுதல். ஒரு சார்ட் காகிதத்தைக் குறுக்காக வைத்து மேல்வரியில் கயல்விழி, கீழ்வரியில் சொக்கு என்று நாள்வாரியாக, தேவைப்பட்ட இடத்தில் மணிவாரியாகக் கட்டம் போடுங்கள். சித்திரைத் திருவிழாவை முதுகெலும்பாக வைத்துக்கொண்டால் தவறு குறையும்: மீனாட்சி திருக்கல்யாணம், மறுநாள் தேர், பிறகு அழகரை ஊர் எதிர்கொண்டு வரவேற்கும் எதிர்சேவை, பௌர்ணமி விடியலில் அழகர் ஆற்றில் இறங்குவது. ஊர் முழுக்க ஆற்றங்கரையில் நிற்கும் அந்த விடியலில் பசுமலைப் பக்கம் கூட்டம் இருக்காது என்பதே கதைக்குக் கிடைத்த வசதி. சித்திரையில் மல்லிகை வரத்து மிகுதி என்பதால் சொக்குவுக்கும் கைநிறைய வேலை இருக்கும். மார்கழி, தை மாதத்துக்குக் கதையை நகர்த்தினால் பூ வரத்தே இறங்கிப்போகும். சாக்குக்குப் பின்னால் ஆளை ஒளிக்க முடியாது.

நிலாவையும் சரிபாருங்கள். பௌர்ணமியன்று சூரியன் மறையும் வேளையில் நிலா எழும். அடுத்தடுத்த நாளில் ஏறத்தாழ 50 நிமிடம் தாமதமாகும். பௌர்ணமி கழிந்த மூன்றாம் இரவில் இருட்டு வேண்டுமென்றால் பொழுது சாய்ந்து இரண்டரை மணி நேரம் வரை கிடைக்கும், அதற்குள் காட்சியை முடித்தாக வேண்டும்.

முதல் பக்கம்

கிளை நாவல்கள் அதிகமாகச் சறுக்குவது இங்கேதான். தொடரைப் படிக்காத பிள்ளைக்குப் புரிய வேண்டுமே என்ற பதற்றத்தில் இப்படி ஆரம்பிக்கிறார்கள்:

"கயல்விழி என்பவள் கீழமாசி வீதியில் வசிக்கும் சிறுமி. அவளுக்குக் கல்லை எழுப்பும் சக்தி உண்டு. அவள் முதலில் யானைமலையை எழுப்பினாள்..."

புதுப்பிள்ளைக்கு இது பாடம். பழைய பிள்ளைக்கு இது தெரிந்த செய்தி. இருவரும் புத்தகத்தை மூடுவார்கள். இப்படிப் பாருங்கள்:

"அப்பத்தா வெயிலில்தான் நின்றாள். அவள் காலடியில் தரை வெளிச்சமாகவே இருந்தது. சொக்கு ஓரடி நகர்ந்து, தன் நிழல் அவள் காலுக்கடியில் விழும்படி நின்றுகொண்டான். தெருவில் யார் கண்ணிலும் பட்டுவிடக் கூடாது."

தெரியாத பிள்ளை 'ஏன் நிழல் இல்லை?' என்று கேட்கும். தெரிந்த பிள்ளை 'ஐயோ, இவளும் எழுப்பியிருக்கிறாளா!' என்று பதறும். ஒரே வரி இருவருக்கும் வேலை செய்கிறது. பழைய செய்தி எதுவானாலும் இதேபோல் ஒரு செயலுக்குள் வைத்துக் கொடுங்கள். 24 நிமிடக் கணக்கை ஆறாம் அத்தியாயத்துக்கு முன் சொல்ல வேண்டியதே இல்லை.

பேச்சு

கதை சொல்வது எளிய எழுத்துத் தமிழில், பேச்சு மதுரைப் பேச்சில் இருக்கட்டும். "அங்கிட்டு எதுக்குய்யா போற? பைய இங்கிட்டு வந்து உக்காரு" என்று அப்பத்தா சொல்வாள். "இரு அப்பத்தா, வெரசா வந்துர்றேன்" என்பான் சொக்கு. அப்பத்தாவை 'நீ' என்பதுதான் அந்த வீட்டுப் பாசம். 'நீங்கள்' என்று திருத்தினால் அந்நியமாகிவிடும். மார்க்கெட்டில் வியாபாரியை அவன் "அண்ணே" என்பான். வட்டாரச் சொல் பக்கத்துக்கு நாலு இருந்தால் போதும், பொருள் பக்கத்து வாக்கியத்திலேயே விளங்க வேண்டும். பின்னால் சொல்லகராதி போட்டால் ஒரு பிள்ளையும் திருப்பிப் பார்க்காது.

வாக்கியத்துக்குச் சராசரி எட்டுச் சொல் வைத்துக்கொள்ளுங்கள். 'வந்துகொண்டிருந்தபோதெல்லாம்' போன்ற நீளச் சேர்க்கைகளை உடைத்து எழுதுங்கள். ஒன்பது வயதுக் கண் அதில் இடறும்.

அளவு

அத்தியாயத்துக்கு 850 சொல், 24 அத்தியாயம், மொத்தம் ஏறத்தாழ 20,400 சொல். வாய்விட்டுப் படித்தால் ஓர் அத்தியாயம் எட்டு ஒன்பது நிமிடத்தில் முடியும். தூங்கப்போகும் முன் ஒன்று படித்துக்காட்ட ஏற்ற அளவு. டெமி என்ற புத்தக அளவில், பிள்ளைகளுக்கான பெரிய எழுத்தில் பக்கத்துக்கு 185 சொல் பிடிக்கும். எழுத்துக்கு 110 பக்கம், முழுப்பக்க ஓவியம் 10, முன்பக்கங்கள் 8. மொத்தம் 128, அதாவது 16 பக்கப் பாரம் (ஒரே தாளில் சேர்ந்து அச்சாகும் பக்கத் தொகுதி) சரியாக எட்டு. நாலு பக்கம் கூடினால் அதற்காகத் தனியே தாள் ஓட்ட வேண்டும், செலவு ஏறும். ஆகவே எழுதும்போதே எண்ணிக்கொண்டு போங்கள். பத்தாம் அத்தியாயம் முடியும்போது 9,000 சொல்லைத் தாண்டியிருந்தால், வெட்ட வேண்டியது பெரும்பாலும் பயணக் காட்சிகளைத்தான்.

பெரியவர்கள் வந்து காப்பாற்றுவது எந்த அளவிலும் வேண்டாம். அப்பத்தா வழி சொல்லலாம். பசுமலையில் அந்த 24 நிமிடம் ஓடாமல் நிற்க வேண்டியவன் சொக்குதான்.

படித்துக்காட்டல்

முதல் வரைவு முடிந்ததும் ஆறு பிள்ளைகளைத் தேடுங்கள்: தொடரைப் படித்த மூவர், படிக்காத மூவர். இரண்டு கூட்டத்தையும் தனித்தனியாக உட்கார வையுங்கள். சேர்த்து வைத்தால் தெரிந்த பிள்ளை தெரியாத பிள்ளைக்கு விளக்கிவிடும், உங்கள் எழுத்தின் ஓட்டை வெளியே தெரியாது. முதல் மூன்று அத்தியாயத்தை நீங்களே படித்துக்காட்டி, எந்த வரியில் கண் ஜன்னல் பக்கம் போகிறது என்று பென்சிலால் கோடு போடுங்கள். 'பிடித்ததா?' என்று கேட்காதீர்கள். மரியாதைக்கு எல்லாரும் தலையாட்டுவார்கள். 'அடுத்து என்ன நடக்கும்?' என்று கேளுங்கள். பதில் வந்தால் கதை உள்ளே போயிருக்கிறது. படிக்காத கூட்டம் 'அது யாரு?' என்று இரண்டு முறைக்கு மேல் கேட்டால் அந்த அத்தியாயத்தைத் திரும்ப எழுதுங்கள்.

அச்சுக்கு முன்

அட்டையில் 'பாகம் 4' என்று போடாதீர்கள். எண்ணைப் பார்த்ததும் முதல் மூன்றைப் படிக்காத பிள்ளை கீழே வைத்துவிடும். 'தனிக்கதை' என்ற சொல் அட்டையிலேயே இருக்கட்டும், தொடரின் பெயர் அதற்குக் கீழே சிறியதாக. புத்தகத்தின் அடையாள எண்ணான ஐ.எஸ்.பி.என்.-க்கு இந்தியாவில் கட்டணம் இல்லை, முன்கூட்டியே விண்ணப்பித்துவிடுங்கள்.

ஓவியருக்கு நாவலோடு ஒரு நிழல் பட்டியலும் கொடுங்கள்: எந்தப் படத்தில் யாருக்கு நிழல் உண்டு, யாருக்கு இல்லை, வெளிச்சம் எந்தப் பக்கத்திலிருந்து விழுகிறது. ஆளை வரைந்ததும் காலடியில் நிழலைத் தீட்டுவது கைப்பழக்கம். சொல்லாவிட்டால் அப்பத்தாவுக்கும் வந்துவிடும். மெய்ப்பு (திருத்திப் பார்ப்பதற்கான அச்சுப்படி) வந்ததும் எழுத்துப் பிழை தேடுவதற்கு முன் பத்துப் படங்களையும் வரிசையாக வைத்து அவள் காலடியை மட்டும் பாருங்கள். 22-ஆம் அத்தியாயம் வரை தரை வெறுமையாக இருக்க வேண்டும். அதன்பின் வரும் படத்தில், விடிகாலை வெளிச்சத்தில், அவளைவிட நீளமாக அது விழுந்திருக்க வேண்டும்.